சாட்சிக்கு வெட்டிய இரண்டு மீட்டர்

வேண்டிய துணியின் மேல் கை வைக்கக் கூடாது. பக்கத்தில் இருக்கிற துணியைத் தடவிப் பார்க்க வேண்டும், உதட்டைப் பிதுக்க வேண்டும், "சரி, அப்புறம் வரேன்" என்று வாசல்வரை போக வேண்டும். அதற்குள் கடைக்காரரே நாம் மனசில் நினைத்த துணியை எடுத்து விரித்துவிடுவார். எங்கள் வீட்டில் இதை யாரும் யாருக்கும் சொல்லித் தரவில்லை. ஒருவருக்குச் சளி பிடித்தால் வீட்டில் எல்லாருக்கும் பிடிப்பது போலப் பிடித்துக்கொண்டது.

அண்ணன் கடையை எடுத்துக்கொண்டான். திரைத்துணியும் சட்டைத்துணியும் விற்கிற கடை, சந்தைத் தெருவில் மூன்றாவது. நான் கேமராவைத் தூக்கிக்கொண்டு போனேன். ஆவணப்படம் எடுக்கிறேன் என்றால், "அது சரி, சினிமா எப்ப எடுப்ப?" என்று கேட்கிற தெரு. ஆனால் தொழில் ஒன்றுதான். அங்கே துணி, இங்கே கதை. ஒரு பெண்ணிடம் அவள் கணவனைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டுமென்றால் நான் நாத்தனாரைப் பற்றிக் கேட்பேன். நாத்தனாரைத் திட்டித் தீர்த்த களைப்பில் கணவன் தானாக வெளியே வந்து விழுவான். பதினைந்து வருஷமாக இப்படித்தான் வாங்கிக்கொண்டிருக்கிறேன்.

இந்தப் படத்துக்கு ஏழு பெண்கள், ஒரே கேள்வி. யாருக்கும் எதுவாகவும் இல்லாத நேரத்தில் நீங்கள் யார்? மனைவி இல்லை, அம்மா இல்லை, மகள் இல்லை, முதலாளி இல்லை, வேலைக்காரி இல்லை, மிச்சம் யார்? தாளில் எழுதிக் காட்டியபோது, படத்தை வாங்க வேண்டிய சேனல்காரம்மாவுக்குக் கண் கலங்கியது. எடுக்கப் போனபோது கலங்கியது நான்தான். பஸ் ஓட்டுகிறவர், "அப்படி நேரம் எனக்கு சிக்னல்ல நிக்கறப்ப மட்டும்தான் கிடைக்கும். அப்பவும் பின்னாடி எவனாவது ஹாரன் அடிக்கறான்" என்று முடித்துக்கொண்டார். பல் டாக்டர் ரொம்ப அழகாகப் பேசினார். முந்தின நாளே கண்ணாடி முன்னால் பேசிப் பார்த்திருக்கிறார் என்பது பார்த்தாலே தெரிந்தது. இப்படி ஆறு பேர். எங்கள் எடிட்டர், கை சும்மா இருந்தால் டீக்கடை பேப்பரைக்கூட வெட்டிக்கொண்டிருப்பான் என்பதால் கத்தரி என்றுதான் கூப்பிடுவோம், ஆறையும் பார்த்துவிட்டுக் காதிலிருந்து ஹெட்போனைக் கழற்றினான்.

"அக்கா, எல்லாரும் நல்லாதான் பேசறாங்க. பரிசு குடுத்ததுக்கு நன்றி சொல்ற மாதிரி பேசறாங்க."

"ஏழாவது ஆள் வரட்டும்டா."

"அந்த ஆளாவது கொஞ்சம் மோசமாப் பேசறவங்களாப் பாருங்க."

சேனலுக்குப் போட்டுக் காட்ட ஆறு வாரம் இருந்தது. ஏழாவது ஆள் கிடைக்கவில்லை. அந்தக் கவலையோடு ஒரு ஞாயிற்றுக்கிழமை அண்ணன் வீட்டுக்குப் போயிருந்தேன். அண்ணன் உள்ளே படுத்திருந்தான். அண்ணி சட்டைகளை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தார், உட்கார்ந்தபடி. நிற்கக் கூடாது. அண்ணிக்கு நாலு வருஷமாக முதுகுவலி. வாளி தூக்கக் கூடாது, குனியக் கூடாது, பஸ்ஸில் போகக் கூடாது. அந்த முதுகுக்கென்று அண்ணன் நாற்காலி செய்தான், மெத்தை மாற்றினான், போகிற இடமெல்லாம் ஒரு சின்னத் தலையணையைக் கையில் தூக்கிக்கொண்டு பின்னாலேயே போனான். புதன்கிழமை மத்தியானம் பிசியோதெரபி. அதற்கும் கூடவே வருவேன் என்றவனை, "அது பொம்பளைங்க பகுதி, உள்ள விட மாட்டாங்க" என்று சொல்லித்தான் நிறுத்தியிருந்தார்.

"ஆறு பேர்கிட்ட என்னமோ கேட்டியாமே" என்றார் அண்ணி, சட்டைக் காலரைத் திருப்பிப் போட்டுக்கொண்டே. "எங்கிட்ட கேக்கணும்னு தோணலையா?"

"உங்களுக்கு என்ன அண்ணி கதை இருக்கு? அண்ணன்தான் உங்களைத் தாங்கு தாங்குன்னு தாங்கறானே."

சத்தியமாக நான் எந்தக் கணக்கும் போட்டுச் சொல்லவில்லை. வாய் தானாகப் பக்கத்துத் துணியைத் தடவிவிட்டது.

அண்ணி இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்தார். உள்ளறைப் பக்கம் ஒரு பார்வை. பிறகு குரலை இறக்கி, "புதன்கிழமை ரெண்டு மணிக்கு வா. கேமரா எடுத்துட்டு வா, ஆள் யாரும் வேண்டாம். சாவி போடற கடை இருக்குல்ல, அது பக்கத்துல படி போகுது" என்றார்.

"பிசியோதெரபி?"

"அதுதான் அது."

சாவிக்கடை மெஷின் கிர்ரென்று கத்திக்கொண்டிருந்தது. படி ஏறினேன். இரண்டாவது மாடியில் ஒரே ஓர் அறை. ஒரு நாற்காலி, ஒரு பாய், ஒரு தண்ணீர் பாட்டில். சுவரில் ஒரு ஆணி, அதில் எதுவும் இல்லை.

"ஏதாவது மாட்டலாம்னு அடிச்சேன்" என்றார் அண்ணி. "அப்புறம் எதுவும் மாட்டத் தோணல. அப்படியே இருக்கட்டும்னு விட்டுட்டேன்."

"இது யார் ரூம் அண்ணி?"

"என்னோடது. நாலு வருஷமா. வாடகைக்கு எப்படின்னு கேக்காத, அது என் சாமர்த்தியம்."

மூன்று நிபந்தனை போட்டார். முகம் தெரியக் கூடாது. குரலை மாற்ற வேண்டும். முடிந்ததும் வேறு யாருக்கும் காட்டுவதற்கு முன்னால் தனக்குக் காட்ட வேண்டும். மூன்றுக்கும் சரி என்றேன். கேட்டதற்கெல்லாம் உடனே சரி என்கிற வாடிக்கையாளரை எங்கள் தெருவில் சந்தேகப்படுவார்கள். அண்ணி படவில்லை, வேறு வீட்டில் பிறந்தவர்.

மேற்கே பார்த்த ஜன்னல். அதில் சாம்பல் நிறத்தில் ஒரு துணி தொங்கியது. அதைக் கழற்றி அறையின் நடுவில் குறுக்கே கட்டி, அண்ணியைத் துணிக்குப் பின்னால் உட்கார வைத்தேன். வெயில் பின்னாலிருந்து அடித்தது. துணியில் ஒரு பெண்ணின் நிழல் மட்டும் விழுந்தது. முகம் இல்லை, மூக்கு இல்லை, யாராகவும் இருக்கலாம். துணியின் குறுக்கே ஒரு சாணுக்கு ஒரு தடவை ஓர் இழை விட்டுப்போயிருந்தது. அந்த இடைவெளி வழியாக வெளிச்சம் ஒரு கோடாக வந்தது, நிழலின் கழுத்திலும் நெற்றியிலும் கோடு போட்ட மாதிரி. கடையில் நின்றிருந்தால் அதைக் குறை என்று சொல்லி விலையைக் குறைத்திருப்பேன். கேமராவுக்குப் பின்னால் நின்றதால் ஆகா என்றேன்.

"இங்க வந்து என்ன செய்வீங்க அண்ணி?"

"முதல் ஆறு மாசம் தூங்கினேன்."

"அப்புறம்?"

"அப்புறம் தூக்கம் வரல. சும்மா உக்காந்திருந்தேன். யாரும் கூப்பிடல. யாரும் கூப்பிடாம இருந்தா என் பேரே எனக்கு மறந்துடும் போல இருந்துச்சு. பயமா இருந்துச்சு. போகப் போக அந்த பயம் பிடிச்சுப் போச்சு."

"இப்ப?"

"இப்பவும் ஒண்ணும் செய்யறதில்ல. அதைத்தான் யார்கிட்டயும் சொல்ல முடியல. ஒரு ஆளைப் பார்க்க வரேன்னா கூட நாலு பேருக்குப் புரியும். காறித் துப்புவாங்க, ஆனா புரியும். ரெண்டு மணி நேரம் சும்மா உக்காந்துட்டுப் போறேன்னா என்னன்னு புரிஞ்சுக்குவாங்க?"

கீழே மெஷின் கத்தி ஓய்ந்தது. நான் எதுவும் கேட்கவில்லை. வாசல்வரை போகிற கட்டம் இது.

"ரெண்டு தடவை பையில துணி எடுத்துட்டு வந்திருக்கேன். திரும்பிப் போகக் கூடாதுன்னு. நாலு மணி ஆச்சு, பையை எடுத்துட்டு வீட்டுக்குப் போயிட்டேன்."

"வீட்டுல தெரிஞ்சா?"

நிழல் சிரித்தது. தோள் குலுங்கியது தெரிந்தது.

"அவர் அடிக்க மாட்டார், கத்த மாட்டார். ஃபேன் வாங்கி மாட்டுவார். நாற்காலி சரியில்லன்னு மாத்துவார். காத்து வருதா, காத்து வருதான்னு போன் பண்ணுவார். அன்னைக்கோட இது என் ரூம் இல்ல. அவ்வளவுதான். இந்த ஒரு ரூம்தான் என்கிட்ட இருக்கு. இது போச்சுன்னா மறுபடி ஒண்ணு தேட எனக்குத் தெம்பு இல்ல."

நாற்பது நிமிஷம். கத்தரி அதைப் பார்த்து முடித்ததும் எழுந்து போய் முகம் கழுவிக்கொண்டு வந்தான். அப்புறம்தான் வேலையை ஆரம்பித்தான்.

"அந்தக் கோடு பிரமாதம் அக்கா. எங்க பிடிச்சீங்க இந்தத் துணியை? அந்தக் கோடுதான் படம்."

"குரலை மாத்திடு. கீழ மெஷின் சத்தம் மட்டும் இருக்கட்டும், அது நல்லா இருக்கு."

"ஃபேன் பத்தி வர்ற இடத்தைத் தூக்கிடலாமா?"

"ஏன்?"

"ஜனங்க சிரிச்சிடுவாங்க. சிரிச்சாங்கன்னா அந்தப் பை விஷயம் விழாது. பையோட முடிச்சா, அப்படியே நெஞ்சுல நிக்கும்."

யோசித்தேன். ஃபேன் வருகிற இடத்தில் அந்தக் கணவன் நல்லவனாகிவிடுகிறான். அவன் நல்லவனாகிவிட்டால் பார்க்கிறவர்களுக்கு யார் மேல் கோபம் வரும்? தூக்கு என்றேன்.

மூன்றாவது நிபந்தனையையும் காப்பாற்றினேன், எங்கள் வீட்டு வழக்கப்படி. எங்கள் கடையில் துணியை உள்ளே மஞ்சள் விளக்கின் கீழ்தான் விரிப்பார்கள். "கொஞ்சம் வெளிச்சத்துல பார்த்துக்கறேன்" என்று துணியை வாசலுக்குத் தூக்கிக்கொண்டு போகிறவரைக் கண்டால் அண்ணனே பின்னால் ஓடுவான். நான் அண்ணிக்குப் படத்தைப் போனில் காட்டினேன். உள்ளங்கை அளவு திரை, ஒரு காதில் மட்டும் இயர்போன், பக்கத்து அறையில் அண்ணன் செய்தி கேட்டுக்கொண்டிருந்தான். மூன்று நிமிஷம் ஓட்டிவிட்டு, "மிச்சமும் இப்படித்தான்" என்றேன்.

"இது நானா? ஆம்பளைக் குரல் மாதிரி இருக்கு."

"யாருக்கும் தெரியாதுல்ல?"

"எனக்கே தெரியல" என்றார் அண்ணி. போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டார். வாசலுக்குத் தூக்கிக்கொண்டு போகவில்லை. எனக்கு அப்பாடா என்று இருந்தது.

ஒரு வியாழக்கிழமை பிற்பகல் சேனல்காரம்மாவுக்குப் போட்டுக் காட்ட ஒரு சின்ன அரங்கை எடுத்தோம். நாற்பது நாற்காலி. அந்த அம்மா வந்து காலி நாற்காலிகளுக்கு நடுவில் உட்கார்ந்தால் படமே காலியாகத் தெரியும். கடையில் கூட்டம் இருந்தால்தான் கூட்டம் வரும். அண்ணனுக்குப் போன் பண்ணி, "ஒரு முப்பது பேரைக் கூட்டிட்டு வா" என்றேன். அவன் வாழ்க்கையில் முதல் தடவையாக வேலை நாளில் அரை நாள் கடையடைத்தான். தெருவையே ஓட்டிக்கொண்டு வந்தான். பித்தான் கடை, ஜிப் கடை, லேஸ் கடை, எல்லாரும் குடும்பத்தோடு.

அண்ணியும் வந்திருந்தார். "தங்கச்சி படம், நீ வராம எப்படி?" என்று அண்ணன் விடவில்லை. நாற்காலியில் உட்கார வைத்து, கையோடு கொண்டுவந்த தலையணையை முதுகுக்குப் பின்னால் சொருகினான். "சரியா இருக்கா? இன்னும் கீழ வெக்கட்டுமா?" பித்தான் கடைக்காரர், "உங்க முதுகுக்கு ஒரு சிலை வைக்கலாம் அண்ணி, இவ்வளவு பூஜை நடக்குது" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். அண்ணியும் சிரித்தார். என்னைப் பார்க்கவில்லை.

பஸ் ஓட்டுகிறவருக்குச் சிரித்தார்கள். பல் டாக்டருக்குக் கொட்டாவி விட்டார்கள். பிறகு ஏழாவது. திரை முழுக்கச் சாம்பல் துணி. என் எடிட்டிங் அறையில் விரல் அளவு இருந்த கோடு அங்கே என் கை அகலம் இருந்தது. கீழே கிர்ரென்று மெஷின் சத்தம். "முதல் ஆறு மாசம் தூங்கினேன்" என்றது யாருடையதும் இல்லாத ஒரு குரல்.

நான் சேனல்காரம்மாவைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். அந்த அம்மா கன்னத்தில் வைத்த கையை எடுக்கவில்லை. விழுந்துவிட்டது, வாங்கிவிட்டாள் என்று மனசு துள்ளியது. அந்தத் துள்ளலில்தான் அண்ணன் பக்கம் திரும்பினேன்.

அண்ணனின் வலது கை மடியில் இருந்தது. கட்டைவிரல் ஆள்காட்டி விரலின் மேல் மெதுவாகத் தேய்ந்துகொண்டிருந்தது. முன்னும் பின்னும், முன்னும் பின்னும். துணியின் தரம் பார்க்கிறபோது மட்டும் அப்படிச் செய்வான்.

எங்கள் வீட்டில் யாரும் முகத்தைப் பார்த்து ஆளை அடையாளம் கண்டதில்லை. "அந்த நீலக் கட்டம் போட்ட சட்டை வந்தாரே" என்றுதான் பேசுவோம். முகத்தை மறைக்கத் தெரிந்த எனக்கு, யாரிடமிருந்து மறைக்கிறேன் என்பது மறந்துவிட்டது.

அண்ணி நேராகத் திரையைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார். முதுகு தலையணையைத் தொடவே இல்லை.

படம் முடிந்தது. கைதட்டினார்கள். சேனல்காரம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, "ஏழாவது பொண்ணுதான் படம். அவளை வெச்சு ஆரம்பிங்க. ரெண்டு நாள்ல கையெழுத்துப் போட்டுடலாம்" என்றார். அவர் போன் பேசப் போன இடைவெளியில் அண்ணன் டீ கப்போடு என்னிடம் வந்தான். அண்ணியை லேஸ் கடைக்காரர் மனைவி பிடித்துக்கொண்டிருந்தார்.

"நாற்காலி நல்லா இருக்கு குட்டி" என்றான். நாற்பது வயதிலும் அவனுக்கு நான் குட்டிதான். "சவுண்டு கூட கணீர்னு இருந்துச்சு."

"ம்."

"அந்த பஸ் அம்மா நல்லாப் பேசினாங்க."

நாற்காலியைத் தடவினான், சவுண்டைத் தடவினான், பஸ்ஸைத் தடவினான். எனக்குத் தெரியாதா? காத்துக்கொண்டிருந்தேன்.

"அந்தக் கடைசிப் பொண்ணுக்குக் கட்டியிருந்த துணி எங்க எடுத்த?"

"அதுவா? வாடகைக்குக் குடுக்கறாங்க. ரூமே செட்டு அண்ணா, பேசினது கூட நடிகைதான்."

"ஓ." டீயை ஊதினான். "அந்தத் துணி உருட்டு மொத்தமும் இழை விட்டு வந்துச்சு. மில்லுக்குத் திருப்பி அனுப்பினேன். சண்டை வந்தா காட்டறதுக்கு சாட்சிக்குன்னு ரெண்டு மீட்டர் வெட்டி வெச்சேன். மில்லுக்காரன் சண்டை போடல. தையல் மெஷினுக்குப் போத்தறேன்னு உங்கண்ணி எடுத்துக்கிட்டா. மில்லுல மிச்சத்தை அன்னைக்கே கிழிச்சுப் போட்டுட்டாங்க. உலகத்துலயே அந்தத் துணி ரெண்டு மீட்டர்தான் குட்டி."

பக்கத்து மேசையிலிருந்து ஒரு டீ கப்பை எடுத்துக்கொண்டேன்.

"ரெண்டாவது தடவை அவ பையோட வீட்டுக்குத் திரும்பி வந்தா பாரு," என்றான், "வாசல்ல வாங்கி உள்ள கொண்டு போய் வெச்சதே நான்தான். முதுகு வலியோட நீ ஏன் இதைத் தூக்கறன்னு திட்டினேன்."

அவன் கண் கலங்கவில்லை. துணி கிழிந்திருப்பதைக் கண்டுபிடித்தால் எப்படி நிற்பானோ அப்படி நின்றான். எங்கே ஒட்டுப் போடலாம் என்கிற மாதிரி.

"அவகிட்ட நான் எதுவும் கேக்கப் போறதில்ல. நீயும் சொல்லாத. பாவம்." கப்பைக் கசக்கினான். "மேற்கு வெயில் அந்த ஜன்னல்ல. அந்த ரூம்ல ஃபேன் இருக்கா?"

இதுதான் அந்த இடம். அப்போது சொல்லியிருக்கலாம். அண்ணா, ஃபேன் மட்டும் வாங்காதே, அண்ணி கேமரா முன்னால் அதைத்தான் சொன்னார்கள், நான்தான் வெட்டிவிட்டேன். மூன்று வாக்கியம். ஆனால் சொன்னால் அறை நிஜம், பெண் நிஜம், நான் சொன்ன செட்டு பொய் என்று ஆகிவிடும். பேச்சு வளரும், அண்ணி அழுவார், சேனல்காரம்மா அங்கேயே நின்றுகொண்டிருந்தார். போனை வைத்துவிட்டு என்னைக் கையசைத்துக் கூப்பிட்டார்.

"எனக்கு எப்படித் தெரியும்? செட்டுன்னு சொன்னேன்ல" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டேன்.

வெள்ளிக்கிழமை அண்ணிக்குப் போன் பண்ண நினைத்தேன். சனிக்கிழமை கையெழுத்து. ஞாயிற்றுக்கிழமை அண்ணன் வீட்டில் இருப்பான். திங்கள், செவ்வாய் ஏழாவதை முதலாவதாக்குகிற வேலை. இப்படி ஒவ்வொரு நாளுக்கும் ஒரு நல்ல காரணம் கிடைத்தது. புதன்கிழமை காரணம் எதுவும் மிச்சமில்லை. இரண்டரை மணிக்குச் சாவிக்கடைக்குப் போனேன்.

படியில் ஏணியைத் தூக்கிக்கொண்டு எலக்ட்ரீஷியன் இறங்கி வந்தார். சுவரோடு ஒட்டி வழிவிட்டேன்.

"மேலதானா? போங்க போங்க, இப்ப ஜில்லுனு இருக்கும்" என்றார். "மூணு வருஷம் கேரண்டி."

கதவு திறந்திருந்தது. ஃபேன் சுற்றிக்கொண்டிருந்தது. ஜன்னலில் புதுத் திரை. கெட்டி நெசவு, உள்துணி வைத்துத் தைத்தது, ஓர் இழைகூடத் தப்பில்லை. எங்கள் கடையில் இருப்பதிலேயே நல்ல உருட்டு. நாற்காலி புதுசு, வீட்டில் இருப்பதைப் போலவே முதுகுக்கென்று வளைத்தது. அதன் மேல் தலையணை. ஆணியில் ஒரு கடிகாரம் மாட்டியிருந்தது.

அண்ணி நாற்காலியில் உட்காரவில்லை. சுவரோரமாகத் தரையில் உட்கார்ந்திருந்தார். மடியில் சாம்பல் துணி நாலாக மடித்து இருந்தது.

"நான் வர்றதுக்குள்ள எல்லாம் முடிஞ்சிருந்துச்சு" என்றார். "சாவிக்கடைக்காரர்கிட்ட இல்லாத சாவியா? அவர் இடம்தானே இது. உங்கண்ணன் மேல ஏறி வரலையாம். வரவும் மாட்டாராம். 'மேல அக்காவுக்கு ஏதாவது வேணும்னா எனக்குப் போன் பண்ணுங்க'ன்னு மட்டும் சொல்லிட்டுப் போயிருக்காராம்."

"அண்ணி..."

"எப்படித் தெரிஞ்சுது?"

"துணி. அப்புறம் அந்த சாவி மெஷின் சத்தம்."

அண்ணி மடியைக் குனிந்து பார்த்தார். விரலால் அந்தக் கோட்டைத் தடவினார். தலையை ஆட்டிக்கொண்டார், புரிந்தது என்கிற மாதிரி.

"அன்னைக்குத் தியேட்டர்ல உக்காந்து காத்துக்கிட்டே இருந்தேன். ஃபேன் பத்தி எப்ப வரும் எப்ப வரும்னு. வரவே இல்ல."

"வெட்டிட்டோம். நீளமா இருந்துச்சு."

"நீளமா?"

"சிரிச்சிடுவாங்கன்னு."

"சிரிக்கட்டுமே. சிரிக்கறதுக்குத்தான் சொன்னேன்." ஃபேனை ஒரு தடவை பார்த்தார். "அவர் அதைக் கேட்டிருந்தா வெக்கப்பட்டிருப்பார். ஒரு வாரம் சாப்பிடாம கூட இருந்திருப்பார். ஆனா இதை வாங்கியிருக்க மாட்டார்."

அதோடு விட்டிருக்கலாம். ஆனால் நான் எல்லாரிடமும் எல்லாவற்றையும் சொல்லச் சொல்லிக் கேட்கிறவள். "அண்ணன் எங்கிட்ட கேட்டான் அண்ணி. ரூம்ல ஃபேன் இருக்கான்னு. அன்னைக்கே கேட்டான்."

"நீ என்ன சொன்ன?"

"தெரியாதுன்னு."

அண்ணி என்னை நிமிர்ந்து பார்த்தார். இத்தனை வருஷத்தில் என்னை அப்படி யாரும் பார்த்ததில்லை. நான் பார்த்திருக்கிறேன், நிறையப் பேரை, கேமரா வழியாக.

"நீ நல்லவதான்" என்றார். "உங்க வீட்டுல எல்லாருமே நல்லவங்கதான்."

"படத்துல இருந்து எடுத்துடறேன். கையெழுத்தைத் திருப்பி வாங்கிக்கறேன்."

"இனி எடுத்து என்ன? ரூமும் போய், சொன்னதும் போகணுமா? இருக்கட்டும். ஆனா ஃபேனைப் போடு. பையோட முடிக்காத. ஃபேனோட முடி."

"போடறேன்."

"சத்தியமா?"

"சத்தியமா அண்ணி."

"உன் சத்தியத்தை இனிமே வெளிச்சத்துல வெச்சுத்தான் பார்க்கணும்" என்றார், சிரிக்காமல். எங்கள் வீட்டுக்கு வந்து இருபது வருஷத்தில் அவரும் கற்றுக்கொண்டுவிட்டார்.

என் போன் அடித்தது. அண்ணன். எடுக்காமல் பார்த்துக்கொண்டிருந்தேன். கீழே சாவி மெஷின் நின்றிருந்தது. நான் படி ஏறியதைச் சாவிக்கடைக்காரர் சொல்லியிருப்பார்.

"எடு" என்றார் அண்ணி.

ஸ்பீக்கரில் போட்டேன். "குட்டி, அங்கதானே இருக்க? ஃபேன்ல சத்தம் வருதான்னு கேட்டுச் சொல்லு. சத்தம் வந்தா மாத்தித் தரேன்னு சொல்லியிருக்கான். அவகிட்ட நான் போன் பண்ணேன்னு சொல்லாத. காத்து வருதா?"

அண்ணி கையை நீட்டினார். போனைக் கொடுத்தேன்.

"நான்தான்" என்றார். அந்தப் பக்கம் பேச்சு நின்றது. "வருது. நல்லா வருது. சத்தமெல்லாம் ஒண்ணும் இல்ல."

அண்ணன் ஏதோ சொல்ல ஆரம்பித்தான். அண்ணி விடவில்லை.

"ஒண்ணு சொல்லணும். எனக்கு முதுகு சரியாயிடுச்சு."

நான் அண்ணனின் மூச்சைக் கேட்டேன். கடையில் யாரோ விலை கேட்டார்கள், அவன் பதில் சொல்லவில்லை. நாலு வருஷம் தலையணையைத் தூக்கிக்கொண்டு திரிந்தவன். அந்த முதுகுக்கு வலியே இருந்ததில்லை என்பது அவனுக்கு வியாழக்கிழமையே தெரிந்திருக்கும். இனி புதன்கிழமைகள் கிடையாது என்பது இப்போது தெரிந்திருக்கும்.

"அப்படியா" என்றான் கடைசியில். குரல் சின்னதாக இருந்தது. "அப்ப... அந்தத் தலகாணியை என்ன பண்ண?"

அண்ணி போனை என் கையில் வைத்துவிட்டு எழுந்தார். ஆணியிலிருந்து கடிகாரத்தைக் கழற்றி நாற்காலியின் மேல் வைத்தார். ஃபேனை நிறுத்தினார். அது நின்று முடிய ரொம்ப நேரம் ஆனது. நிற்கும்வரை இருவரும் அதையே பார்த்துக்கொண்டிருந்தோம். போனில் அண்ணன், "ஹலோ, ஹலோ" என்று கூப்பிட்டுக்கொண்டே இருந்தான்.